எதிரே நிற்பவன் என்ன முறை?

என் இடது விலாவில் ஓர் எலும்பு மழைக்காலம் வந்தால் இன்னமும் வலிக்கிறது. வலிக்கும்போதெல்லாம் அவன் ஞாபகம் வந்துவிடும். எலும்பை உடைத்தவன் அவனில்லை. உடைக்க வந்தவனுக்கு வழிவிட்டவன் அவன். நியாயமாகப் பார்த்தால் எனக்குக் கோபம்தான் வரவேண்டும். எங்கே, சிரிப்புதான் வருகிறது. சிரித்தால் விலா இன்னும் வலிக்கிறது. என்ன ஜென்மமடா நீ என்று திட்டிவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொள்வேன்.

அவன் பெயரைச் சொல்லப்போவதில்லை. சொன்னால் இதைப் படிக்கிற உங்களில் யாராவது ஒருவர் அவனுக்குப் பெரியம்மாவாகவோ மாமாவாகவோ ஆகிவிடுவீர்கள். அப்புறம் பேஜாரு எனக்குத்தான். கல்லூரியில் எல்லோரும் அவனைச் 'சம்பந்தி' என்று கூப்பிட்டோம். அதுவே இருக்கட்டும்.

முகையூர்ப் பக்கத்துக் கிராமம். கரும்பும், மல்லாட்டை என்று நாங்கள் சொல்கிற வேர்க்கடலையும் போடுகிற சொந்த நிலம் உள்ள வீடு. ஆள், இரண்டு உரமூட்டையை ஒன்றின்மேல் ஒன்று அடுக்கியது மாதிரி இருப்பான். அவ்வளவு பெரிய உடம்பை வைத்துக்கொண்டு அவன் செய்த ஒரே வேலை, எதிரே வருகிறவன் தனக்கு என்ன உறவு என்று கண்டுபிடிப்பதுதான். பஸ் கண்டக்டர், ரேஷன் கடைக்காரர், ரத்தம் எடுக்க வந்த நர்ஸ், யாராயிருந்தாலும் முதல் கேள்வி "எந்த ஊரு நீங்க?" என்பதுதான். இரண்டாவது கேள்வியில் அந்த ஊரில் அவனுக்கு ஒரு சித்தியோ அத்தையோ இருப்பார்கள். நாலாவது கேள்வியில் நர்ஸ் அவனுக்கு அக்காவாகியிருப்பார்.

ஒருமுறை திண்டிவனம் மேம்பாலத்துக்குக் கீழே மூன்று பேர் ஒரே வண்டியில் போய் போலீசில் மாட்டினோம். இவன் இறங்கியதுமே ஆரம்பித்தான். பத்து நிமிஷத்தில் அந்த ஏட்டு இவனுக்குப் பெரியப்பா ஆகிவிட்டார். டீ வாங்கிக் கொடுத்தார். "சரி சரி, போங்க. இனிமே மூணு பேரா வராதீங்க" என்றார். தப்பித்தோம் என்று நான் வண்டியை உதைத்தேன். இவன் ஏறவில்லை. "அதெப்டி மச்சான், பெரியப்பாவ ஏமாத்திட்டுப் போறது?" என்று என் சட்டைப் பையிலிருந்து எடுத்து அபராதம் கட்டிவிட்டு, ரசீதையும் வாங்கிக்கொண்டுதான் வந்தான். அடப்பாவி, யாரென்றே தெரியாதவரை ஏமாற்றியிருந்தால் பரவாயில்லையாம், உறவாகிவிட்டவரை ஏமாற்றக்கூடாதாம்.

இதில் ஒரு விஷயம் சொல்லவேண்டும். எங்கள் பக்கத்தில் 'எந்த ஊரு' என்பது சும்மா கேட்கிற கேள்வி இல்லை. ஊரைச் சொன்னால் ஊரில் எந்தப் பக்கம் என்பார்கள். பக்கத்தைச் சொன்னால் தெரு எது என்பார்கள். தெருவைச் சொன்னதும் கேட்டவர் முகம் லேசாக மாறும், கொடுக்க வந்த தண்ணீர்ச் செம்பு பாதி வழியில் நிற்கும். நான் ஓமந்தூரைத் தாண்டி ஒரு கிராமம். ஊருக்கு வெளியே, மாதா கோயிலை ஒட்டிய தெரு. விவரம் தெரிந்த நாளிலிருந்து அந்தக் கேள்விக்குத் 'திண்டிவனம்' என்று மட்டும் சொல்லி வாயை மூடிக்கொள்ளப் பழகியிருந்தேன்.

விடுதியில் முதல் நாள், டிரங்குப் பெட்டியைக் கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டுத் தரையில் பாய் விரித்துக்கொண்டிருந்தபோது பக்கத்துக் கட்டிலில் இருந்து கேட்டான்.

"எந்த ஊரு நீ?"

"திண்டிவனம்."

"திண்டிவனத்துல கட்டில் வாடையே தெரியாதவன் எவன்டா இருக்கான்? நீ பாய் விரிச்சுக்கினு இருக்க. சொல்லு, எந்த ஊரு?"

சொன்னேன். தெருவைக் கேட்பான் என்று பாயின் ஓரத்தை நீவிக்கொண்டிருந்தேன்.

"அட, அதுக்கு அடுத்த ஊர்லதான் எங்க அத்தையக் குடுத்திருக்கு! அப்ப நீ எனக்கு மச்சான்!" என்று சொல்லி, என் பாயைச் சுருட்டி ஜன்னல் வழியாக வெளியே எறிந்தான். மச்சானென்றால் அப்படிச் செய்யலாம் என்பது எனக்கு அப்போது தெரியாது. கீழே போய்ப் பாயை எடுத்துக்கொண்டு வந்தேன். தெருவை அவன் கேட்கவே இல்லை.

இனி அந்த ஆட்டத்துக்கு வருகிறேன். எங்கள் கல்லூரித் தாளாளரின் மகன் அமெரிக்காவில் படித்துவிட்டுத் திரும்பும்போது ஒரு பெரிய பெட்டி நிறையப் பழைய ஹெல்மெட்டும் தோள்பட்டைக் கவசமும் கொண்டுவந்தார். அமெரிக்கன் ஃபுட்பால். பெயர்தான் ஃபுட்பால், காலுக்கு அதில் ஓடுவதைத் தவிர பெரிய வேலையில்லை. பந்தும் உருண்டையில்லை, பப்பாளிப் பழம் மாதிரி இருக்கும். கையில் இடுக்கிக்கொண்டு ஓடவேண்டும், எதிராளிகள் மேலே விழுந்து அமுக்குவார்கள். ஏரிக்கரையை ஒட்டிய மைதானத்தில் நாங்கள் கம்பி வைத்த ஹெல்மெட்டோடு பயிற்சி எடுத்தபோது, மல்லாட்டை பிடுங்கிவிட்டு வந்த பெண்கள் நின்று பார்த்தார்கள். "ஏம்பா, நீங்கல்லாம் வெல்டிங் படிக்கிற புள்ளைங்களா?" என்று ஒரு அம்மா கேட்டார்.

தாளாளர் எங்களை வரிசையாக நிற்கவைத்துப் பேசினார். "கபடில தோத்தீங்க. வாலிபால்ல தோத்தீங்க. கேரம்போர்டுல கூடத் தோத்துட்டு வந்தீங்க. இந்தச் சுத்து வட்டாரத்துல இத ஆடறதே நாலு காலேஜுதான். ஒண்ணு, ஒரே ஒரு மேட்ச் ஜெயிச்சுக் காட்டுங்க. இல்லன்னா அடுத்த வருஷம் டீமும் கெடையாது, டீமுக்குன்னு குடுத்த இலவச சீட்டும் கெடையாது."

மற்றவர்களுக்கு அது ஒரு மிரட்டல். எனக்கு அது தலையெழுத்து. அந்த இலவச சீட்டில் படித்துக்கொண்டிருந்தவன் நான். அப்பா கொத்தனார், அம்மா களையெடுக்கப் போகிறவள். சீட்டு போனால் அடுத்த ஆனியில் நான் அப்பாவோடு சாந்துச் சட்டி தூக்கப் போகவேண்டியதுதான். வேறு வழியே இல்லை.

அந்த ஆட்டத்தில் நான் குவார்ட்டர்பேக். பந்தை வாங்கி எறிகிறவன். என் முன்னால் குனிந்து நின்று கால்களுக்கு நடுவே பந்தை எனக்குக் கொடுத்துவிட்டு, என்மேல் பாய வருகிறவனை மறித்துத் தள்ளவேண்டியவன் சென்டர். அந்த இடத்தில் சம்பந்தி. அவன் மறித்தால் நான் பிழைப்பேன், மறிக்காவிட்டால் நான் மண்ணில் கிடப்பேன். இவ்வளவு தெரிந்தால் போதும், மற்ற விதிகளெல்லாம் எங்கள் பி.டி. சாருக்கே சரியாகத் தெரியாது. பி.டி. சார் என்றால் எங்கள் உடற்பயிற்சி ஆசிரியர். பாவம், வாழ்நாளெல்லாம் கோகோ ஆடியவர். போனில் வீடியோ பார்த்துப் பார்த்து இதைக் கற்றுக்கொண்டு எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்.

இந்த ஆட்டத்தில் ஒரு பெரிய ஆபத்து இருக்கிறது. ஒவ்வொரு தடவையும் பந்து நகர்வதற்கு முன்னால் இரண்டு அணியும் எதிரும் புதிருமாகக் குனிந்து, மூக்கோடு மூக்கு உரசுகிற தூரத்தில் கொஞ்ச நேரம் சும்மா நிற்கவேண்டும். அமெரிக்காவில் அந்த நேரத்தில் முறைத்துக்கொள்வார்களாம். எங்கள் ஆள் என்ன செய்திருப்பான் என்று நான் சொல்லவேண்டுமா?

முதல் மேட்ச். எதிரே மெலிந்த பையன் ஒருவன்.

"எந்த ஊரு நீங்க?"

"இன்னாது?"

"ஊரு, ஊரு."

"செஞ்சிகிட்ட..."

பந்து வந்தது, சம்பந்தி அவனை ஒரே தள்ளாகத் தள்ளினான். நான் எறிந்தேன். அருமை. மறுபடி வரிசையில் நின்றோம்.

"செஞ்சிகிட்டன்னா எங்க?"

அந்தப் பையன் சொன்னான்.

"அட, எங்க சித்தி வாழ்க்கப்பட்ட ஊரு! மாடி வச்ச மெத்தை வூட்டுல குடுத்திருக்கு, தெரியுமா?"

"எங்க பெரியப்பா வூடுதான் அது. பெரியப்பா மொவனுக்குத்தான் அவங்களக் கட்டிக் குடுத்திருக்கு."

போயிற்று. பின்னால் நின்ற எனக்கே விஷயம் புரிந்துவிட்டது. "அப்ப நீங்க எனக்குச் சித்தப்பா!" என்று ஹெல்மெட்டுக்குள்ளிருந்து சந்தோஷமாக ஒரு சத்தம் கேட்டது. பந்து என் கைக்கு வந்தது. நிமிர்ந்து பார்த்தால் சம்பந்தி பவ்யமாக ஒதுங்கி நிற்கிறான். சித்தப்பா அந்த இடைவெளியில் நேராக ஓடிவந்து என் விலாவில் இறங்கினார். அதுதான் நான் முதலில் சொன்ன எலும்பு.

பி.டி. சார் விசிலைக் கடித்துக்கொண்டு ஓடிவந்தார். "ஏன்டா வுட்ட?"

"சித்தப்பா சார்."

"எவன்டா சித்தப்பா?"

"அதோ, தண்ணி குடிச்சிக்கினு இருக்காரு பாருங்க."

"டேய், அவனுக்கு மீசையே மொளைக்கலடா!"

"முறைக்கு மீசை எதுக்கு சார்?"

அன்றைக்குத் தோற்றோம். விடுதியில் எனக்குச் சூடான மணல் ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தவனும் அவன்தான். "ஆட்டம் வேற, ஒறவு வேறடா" என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன்.

"அதெப்டி மச்சான் வேற வேற ஆவும்? வெள்ளக் கோட்டுக்கு உள்ள வந்துட்டா சித்தப்பா சித்தப்பா இல்லன்னு ஆயிடுவாரா?"

"என் சீட்டு போயிடும்டா, எரும."

ஒத்தடம் கொடுத்த கை நின்றது. முகம் சுருங்கிவிட்டது. "அடுத்த தபா ஊரே கேக்கல. சத்தியம்" என்றான்.

சத்தியத்தைக் காப்பாற்றினான். அடுத்த மேட்சில் வாயே திறக்கவில்லை. ஆனால் அதற்குள் இவன் கதை நாலு கல்லூரிக்கும் பரவிவிட்டது. எதிரணியில் நின்றவன் குனிந்ததுமே, "எப்டி இருக்க? நான்தான் உனக்கு மாமன்" என்றான். சம்பந்தி நிமிர்ந்தான். சத்தியம் செய்தது கேட்கமாட்டேன் என்றுதானே, சொன்னால் விசாரிக்கமாட்டேன் என்றில்லையே.

"எங்க அம்மா கூடப் பொறந்த வழியா?"

"ஆமா."

"அக்கா பேரு இன்னா?"

"எந்த அக்கா?"

"எங்க அம்மா. மாமன்னா எங்கம்மா உனக்கு அக்காதான? பேரு சொல்லு."

அந்தப் பையன் திருதிருவென்று விழித்தான். அப்போதுதான் சம்பந்திக்குக் கோபம் வந்து முதல்முறையாகப் பார்த்தேன். "ஒறவுல போயி பொய் சொல்றியா?" என்று ஒரு மோது மோதினான் பாருங்கள், அந்தப் பையன் எழுந்து உட்கார்ந்தபோது நிஜமாகவே தன் ஊர்ப் பெயரை யோசிக்கவேண்டியிருந்தது. அவனைக் கைத்தாங்கலாக வெளியே கூட்டிக்கொண்டு போனார்கள். ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தேன்.

பதிலுக்குக் கோட்டக்குப்பத்துப் பையன் ஒருவனை இறக்கினார்கள். பி.டி. சார் ஓரத்தில் நின்று எனக்குக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார். கோட்டக்குப்பத்து பாய் வீட்டுப் பையன், முகையூர்க் கரும்புக்காரன், இதில் எங்கிருந்து உறவு வரும்? கொஞ்ச நேரம் நன்றாகத்தான் போயிற்று. பிறகு அந்தப் பையனே பேச்சுக் கொடுத்தான். முகையூரா, எங்க அத்தா துபாய் போவதற்கு முன்னால் அங்கேதான் மல்லாட்டை வாங்க வருவார் என்றான். பெரிய கிணறு வைத்த வீட்டில்தான் சாப்பிடுவார், அந்த வீட்டுக்காரரை அண்ணே என்றுதான் கூப்பிடுவார் என்றான். பெரிய கிணறு வைத்த வீடு இவனுடையது. அந்த அண்ணன் இவனுடைய தாத்தா.

"தாத்தாவுக்குத் தம்பின்னா எனக்குச் சின்னத் தாத்தா. அவரு புள்ளைன்னா..." என்று சம்பந்தி கணக்குப் போட ஆரம்பித்ததுமே நான் பந்தை வேண்டாம் என்றேன். அவன் கொடுத்துவிட்டான். "வாங்க சித்தப்பா!" என்று சத்தம் கேட்டது. இந்தத் தடவை வலது விலா.

இப்படியே மேட்ச்கள் போயின. ஒன்றில் எதிரே பங்காளி. இன்னொன்றில் எதிரே நின்றவன் இவனுடைய ஒன்றுவிட்ட அக்காவின் நிச்சயதார்த்த மாப்பிள்ளைக்குத் தம்பி. அவனைத் தள்ளுவது இருக்கட்டும், வியர்வையைத் துடைத்துவிட்டான். எங்கள் அணியில் எல்லோரும் அவனைத் திட்டினார்கள். ஒருத்தன்கூட அவனை மாற்றச் சொல்லவில்லை. ஏனென்றால் திட்டிய எல்லோருமே அவனுக்கு ஏதாவது ஒரு முறையாக இருந்தார்கள்.

பி.டி. சாருக்குத்தான் ஞானம் பிறந்தது. ஒரு மத்தியானம் விடுதிக் குளியலறைப் பக்கம் போனவர், சம்பந்தி என்னைத் தூக்கித் தண்ணீர்த் தொட்டிக்குள் போட்டதைப் பார்த்துவிட்டார்.

"இவனை மட்டும் எப்படிடா தள்ற?"

"மச்சான் சார் இவன்."

"மச்சானத் தள்ளலாமா?"

"தள்ளலன்னாதான் சார் கோவிச்சிப்பான். மாமன், சித்தப்பன்னாதான் மரியாத குடுக்கணும். மச்சானுக்கு இன்னா சார் மரியாத?"

பி.டி. சார் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார். உலகத்தில் கோச்சாக இருக்கிற மற்றவர்களெல்லாம் எதிரணியில் எவன் வேகமாக ஓடுவான், எவனுக்கு முட்டி பலவீனம் என்று விசாரிப்பார்கள். எங்கள் பி.டி. சார் அன்றிலிருந்து விழுப்புரத்துக்குப் போனைப் போட்டு எவன் எங்கள் சென்டருக்கு மச்சான் ஆவான் என்று விசாரித்துக்கொண்டிருந்தார். "ஒரு மச்சான் கெடைச்சா போதும்டா, கப்பே நம்மளுது" என்பார். கிடைக்கவில்லை.

கடைசி மேட்ச் விழுப்புரத்தில். அதுவரை ஒன்றுகூட ஜெயிக்கவில்லை. தாளாளர் வெள்ளைச் சட்டையில் வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். சாந்துச் சட்டி என் கண்முன்னால் ஆடிக்கொண்டிருந்தது.

எதிரே நின்றவன் சம்பந்திக்குச் சரிசமமான உடம்பு. பேசவே இல்லை. சத்தியமெல்லாம் எப்போதோ காற்றில் போய்விட்டதால் சம்பந்தி வழக்கம்போல் ஆரம்பித்தான்.

"எந்த ஊரு நீங்க?"

"எதுக்குக் கேக்கற?"

"சும்மாதான்."

"சும்மா எவனும் கேக்கமாட்டான். ஊரச் சொன்னா தெருவக் கேப்ப. தெருவச் சொன்னா, உனக்குத் தெரிய வேண்டியது தெரிஞ்சுடும். அதான? மூடிக்கினு ஆடு."

பின்னால் நின்றிருந்த எனக்கும் அது கேட்டது. அந்தக் குரலை எனக்குத் தெரியும். நான் உள்ளுக்குள் வைத்துக்கொண்டு வெளியே சொல்லாத குரல் அது.

சம்பந்தி பந்தை என் கையில் கொடுப்பதற்குப் பதில் என் முட்டியில் கொடுத்தான். அடுத்த தடவை கொடுக்கவே மறந்துவிட்டான். எதிரே இருந்தவன் அவனை உருட்டிவிட்டு என்னை உருட்டினான். எதிரணி முன்னேறிப் புள்ளி எடுத்தது. நாங்களும் தட்டுத் தடுமாறி எடுத்தோம். ஆட்டம் முடியக் கொஞ்ச நேரமே இருந்தபோது நாங்கள் கொஞ்சம் பின்தங்கியிருந்தோம். கோட்டைத் தாண்டி ஒருமுறை பந்தைக் கொண்டுபோனால் ஜெயிப்பு. பி.டி. சார் இடைவேளை கேட்டார்.

சம்பந்தி தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. "நான் இன்னா மச்சான் தப்பாக் கேட்டேன்?" என்றான். குழந்தை மாதிரி உதடு பிதுங்கியது.

"தப்பாக் கேக்கல. ஆனா நம்ம பக்கம் அந்தக் கேள்விய எதுக்குக் கேப்பாங்கன்னு உனக்குத் தெரியாதா?"

"தெரியும்... ஆனா நான் அதுக்கா கேட்டேன்?"

"அது அவனுக்கு எப்டிடா தெரியும்? நீ மொத நாள் கேட்டப்ப நானும்தான் திண்டிவனம்னு சொல்லி மறைச்சேன். நானும் அந்த மாதிரித் தெருதான்."

"தெரியும்."

"தெரியுமா?"

"அத்தை ஊருக்கு அடுத்த ஊருடா. மாதா கோயில் தெரு. தெரியாம இருக்குமா? அதுக்கு இன்னா இப்ப?" என்று எரிச்சலோடு சொல்லிவிட்டு அவன் மைதானத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். இரண்டு வருஷமாக மறைத்துவைத்திருந்ததை இந்த எருமை இரண்டு வருஷமாகத் தெரிந்துவைத்திருக்கிறான்.

திரும்ப வரிசையில் நின்றோம். எதிரணிக்காரர்கள் பின்னாலிருந்து தங்கள் ஆளைப் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தார்கள். "டேய், மாமன்னு சொல்லுடா! மாமன்னு மட்டும் சொல்லு, வுட்டுருவான்!"

சம்பந்தி இந்தத் தடவை எதையும் கேட்கவில்லை. தன்னைப் பற்றிச் சொன்னான். தன் ஊர், தெரு, அப்பா பெயர், வீட்டுக்கு முன்னால் இருக்கிற கிணறு, அம்மா பிறந்த ஊர் எல்லாவற்றையும் மூச்சு விடாமல் சொன்னான். அம்மா ஊரைச் சொன்னபோது எதிரே இருந்தவன் கண் ஒரு தடவை சிமிட்டியதை ஹெல்மெட் கம்பி வழியாக நான் பார்த்தேன்.

"நீ ஒண்ணும் சொல்ல வேணாம்பா. நான் உனக்கு இன்னா வேணும்னு நீயே சொல்லு. நீ சொல்றதுதான் முறை."

பந்து நகர்ந்தது. எதிரே இருந்தவன் பதில் சொல்லாமல் மோதினான், சம்பந்தி வெறுமனே நின்றான். ஒன்றும் நடக்கவில்லை. அடுத்ததும் அப்படியே. கடைசி வாய்ப்பு ஒன்றுதான் மிச்சம். கோடு கண்ணெதிரே, ஒரு கட்டில் நீளத்தில் இருந்தது. பின்னாலிருந்து "மாமன்னு சொல்லுடா, மாமன்னு சொல்லு!" என்று தொண்டை கிழிந்துகொண்டிருந்தது. அந்த ஒரு வார்த்தையைச் சொல்லியிருந்தால் மேட்ச் அவர்களுடையது. இவன் வழிவிட்டிருப்பான், நான் சாந்து சுமக்கப் போயிருப்பேன்.

எதிரே இருந்தவன் தலையைத் திருப்பித் தன் ஆட்களை ஒரு பார்வை பார்த்தான். பிறகு குனிந்து, சம்பந்தி மூஞ்சிக்கு நேராகச் சொன்னான்.

"வாடா மச்சான். இப்பத் தள்ளு பாக்கலாம்."

ஹெல்மெட்டுக்குள் சம்பந்தி சிரித்தது எனக்கு முதுகுப் பக்கத்திலிருந்தே தெரிந்தது. ஹெல்மெட்டே லேசாக மேலே ஏறியது. அதற்குப் பிறகு நடந்ததை மோதல் என்று சொல்லமுடியாது. இரண்டு பேரும் சிரித்துக்கொண்டே ஒருவரை ஒருவர் தள்ளினார்கள். அவன் தள்ள, இவன் தள்ள, மண் பறந்தது. ஒரு கட்டத்தில் சம்பந்தி "ஏய், மச்சான்!" என்று ஒரு கத்துக் கத்தி அவனை அப்படியே கோட்டுக்கு அந்தப் பக்கம் தள்ளிக்கொண்டு போய்ச் சாய்த்தான். பின்னாலேயே நான் பந்தோடு போனேன். ஓடவில்லை. கல்யாண வீட்டுக்குள் நுழைகிற மாதிரி நடந்துதான் போனேன்.

ஜெயித்துவிட்டோம். பி.டி. சார் அழுதார். தாளாளர் தன் மகனைப் பார்த்து, "இது எத்தன கோலு?" என்று கேட்டார். என் சீட்டு பிழைத்தது.

மைதானத்துக்கு வெளியே கரும்புச்சாறு வண்டி அருகில், சம்பந்திக்கு எதிரே ஆடியவன் தனியாக வந்து நின்றான். சம்பந்தி தன் கையிலிருந்த இரண்டு டம்ளரில் ஒன்றை நீட்டினான். எதுவும் கேட்காமல் இருக்க அவன் பட்ட பாடு இருக்கிறதே, எனக்கே பாவமாக இருந்தது. வந்தவனே சொன்னான். சம்பந்தியின் அம்மா பிறந்த அதே ஊர். ஊருக்குத் தெற்கே இருக்கிற தெரு.

"உங்க அம்மா வூட்டு நெலத்துலதான் எங்க அப்பா ஏர் ஓட்டினாரு."

அப்பா பெயரைக் கேட்டதும் சம்பந்தி முகம் மலர்ந்தது. "அவரா! தெரியுமே. எங்கம்மா அவர..." என்று ஆரம்பித்து நின்றுவிட்டான்.

"பேரு சொல்லித்தான் கூப்புடுவாங்க" என்றான் அவன். கோபமில்லாமல்தான் சொன்னான்.

"அப்பாவுக்கு வயசு இன்னா ஆவுது?"

"அறுவது தாண்டிடுச்சு. நான் கடைக்குட்டி."

சம்பந்தி விரல்களை மடக்கினான். "அப்ப எங்கம்மா அவரச் சித்தப்பான்னு இல்ல கூப்பிட்டிருக்கணும்? அப்டின்னா நீ எங்கம்மாவுக்குத் தம்பி. எனக்கு..." டம்ளர் கையிலிருந்து நழுவியது. "ஐயையோ! மாமன்! மாமனைப் போட்டு மண்ணுல பொரட்டிட்டனே! மாமா, அடி பட்டுச்சா மாமா?" என்று குனிந்து அவன் சட்டையில் ஒட்டியிருந்த மண்ணையெல்லாம் தட்ட ஆரம்பித்துவிட்டான். சுற்றி நின்ற கூட்டம் வேடிக்கை பார்த்தது. பிறகு நிமிர்ந்து, "சார், இந்த ஆட்டம் செல்லாது சார்" என்றான்.

"வாய மூடுடா! ஜல்தியா பஸ்ல ஏறு!" என்று பி.டி. சார் அவன் காலரைப் பிடித்து இழுத்தார். நாலு பேர் சேர்ந்து அவனை ஏற்றினோம்.

பஸ் நகரும்போது அந்த எதிரணிக்காரன் ஜன்னலோரம் வந்தான். "மாமனெல்லாம் வேணாம்" என்றான். "மச்சானே இருக்கட்டும்."

விக்கிரவாண்டி டோல்கேட் வரை சம்பந்தியின் உதடு கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது. பிறகு போனை எடுத்து அம்மாவைக் கூப்பிட்டான். பஸ் இரைச்சலில் ஸ்பீக்கரில்தான் பேசினான், எல்லோருக்கும் கேட்டது.

"யம்மா, உங்க ஊர்ல நம்ம நெலத்துல ஏர் ஓட்டின பெரியவரு இருக்காரில்ல? அடுத்த தபா ஊருக்குப் போனா அவரச் சித்தப்பான்னு கூப்புடு."

லைன் போய்விட்டதோ என்று அவன் போனைப் பார்த்தான்.

"எதுக்குடா?" என்றது அம்மாவின் குரல்.

"அவரு புள்ள எனக்கு மச்சான்மா."

அந்தப் பக்கம் பாத்திரம் ஒன்றைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது.

"நான் சித்தப்பான்னு கூப்பிட்டா அவரு புள்ள உனக்கு மாமன் இல்ல ஆவணும்? முறை தப்புதேடா."

உலகமே தலைகீழானாலும் முறை தப்பக்கூடாது என்று இரண்டு விலாவையும் எனக்கு உடைத்துக்கொடுத்தவன் போனை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனான்.

"தப்பட்டும்மா" என்றான்.